வாழ்க்கை வரலாற்றுக் கட்டுரையில் சான்றும் நடையும்: ஆலோசனை வேண்டும்

புதுவரவு:

அனைவருக்கும் வணக்கம். காலஞ்சென்ற அறிவியல் எழுத்தாளர் ஒருவரைப் பற்றி விக்கிப்பீடியாவில் கட்டுரை எழுதி வருகிறேன். அண்மையில் வேறொரு பயனர் அக்கட்டுரையின் முகப்பில் இரண்டு வார்ப்புருக்களை (குறையைச் சுட்டும் அறிவிப்புப் பெட்டிகளை) இட்டிருக்கிறார். சான்றுகள் போதவில்லை என்கிறது ஒன்று. நடை கலைக்களஞ்சியத்துக்குப் பொருந்தவில்லை என்கிறது மற்றொன்று.

ஏறத்தாழ ஒவ்வொரு பத்தியின் முடிவிலும் மேற்கோள் தந்திருக்கிறேன். குடும்பத்தினர் வெளியிட்ட நினைவு மலர், இரண்டு நாளிதழ்ச் செய்திகள், பதிப்பகத்தின் இணையதளம், அவருடைய மாணவர் ஒருவரின் வலைப்பதிவு, அவரே தம் நூலுக்கு எழுதிய முன்னுரை ஆகியவைதான் என் கையில் இருப்பவை. இவற்றில் எவை நிற்கும், எவை நிற்கா என்று தெரியவில்லை. நூலின் பின்னட்டையில் உள்ள பிறந்த ஆண்டும், இறப்புச் செய்தியில் உள்ள வயதும் ஒன்றோடொன்று ஒத்துவரவில்லை என்பது இன்னொரு சிக்கல்.

நடையைப் பொறுத்தவரை, "ஈடு இணையற்ற", "தன்னலமற்ற" போன்ற சொற்களைத்தான் அவர் குறை கூறுகிறார் என்று நினைக்கிறேன். அவரை அறிந்த எவரும் மறுக்காத செய்தியையே எழுதியிருக்கிறேன். அவற்றை நீக்கினால் அவருடைய பெருமை வாசகருக்குத் தெரியாமலே போய்விடுமோ என்று அஞ்சுகிறேன். எதை முதலில் சரிசெய்வது?

அடிக்குறிப்பு:

சான்றுகளிலிருந்து தொடங்குங்கள். நடைக்குறை என்று நாம் சொல்வதில் பெரும்பகுதி உண்மையில் சான்றுக்குறைதான். சொல்வதற்குத் தகவல் இல்லாத இடத்தில்தான் புகழ்மொழி வந்து உட்காருகிறது.

ஒரு சான்று பொதுவாக நல்லதா கெட்டதா என்று கேட்பதைவிட, அது எந்த வாக்கியத்தைத் தாங்கும் என்று கேட்பதே பயன் தரும். நினைவு மலர் பெற்றோர் பெயர், பிறந்த ஊர், படிப்பு போன்ற எளிய செய்திகளுக்குப் போதும். அவர் துறையில் எத்தகைய இடம் பெற்றார் என்ற மதிப்பீட்டுக்குப் போதாது, ஏனெனில் அதில் எழுதியவர்கள் அனைவரும் அவருக்கு நெருங்கியவர்கள். முன்னுரை, அவர் தம்மைப் பற்றி என்ன சொன்னார் என்பதற்கு மட்டுமே சான்று. பதிப்பக இணையதளம் நூற்பட்டியலுக்கு உதவும். ஆனால் நூல் எவ்வளவு விற்றது, எப்படிப் பேசப்பட்டது என்பதை விற்பவரின் வாய்மொழியாக ஏற்க முடியாது. மாணவரின் வலைப்பதிவை, அவர் அத்துறையில் வேறிடங்களில் எழுதி அறியப்பட்டவராக இல்லாவிட்டால், விட்டுவிடுங்கள்.

நாளிதழ்ச் செய்திகள் இரண்டையும் அருகருகே வைத்துப் படித்துப் பாருங்கள். வாக்கியங்கள் அப்படியே ஒத்திருந்தால், யாரோ அனுப்பிய ஒரே அறிக்கையை இரண்டு இதழ்களும் வெளியிட்டிருக்கின்றன என்று பொருள். அப்போது உங்களிடம் இருப்பது ஒரே சான்றுதான்.

பத்தியின் இறுதியில் மட்டும் மேற்கோள் தரும் பழக்கத்தையும் மாற்றிக்கொள்ள வேண்டும். உங்கள் கட்டுரையின் இரண்டாம் பத்தியைப் பார்த்தேன். அவர் ஆசிரியப் பணியில் சேர்ந்தார், மாணவரிடையே செல்வாக்குப் பெற்றார், அதன் பயனாக விருது பெற்றார் என்று மூன்று செய்திகள் உள்ளன. நீங்கள் சுட்டும் நாளிதழில் முதலாவதும் மூன்றாவதும் மட்டுமே இருக்கின்றன. "அதன் பயனாக" என்ற இணைப்பு எந்தச் சான்றிலும் இல்லை, அது உங்களுடைய முடிவு. விக்கிப்பீடியா சொந்த ஆய்வு கூடாது என்று சொல்வது பெரிய கண்டுபிடிப்புகளை மட்டும் அன்று. தனித்தனியாகச் சான்றுள்ள இரண்டு செய்திகளைச் சேர்த்து மூன்றாவது ஒன்றை நாமே சொல்வதும் அதில் அடங்கும்.

பிறந்த ஆண்டு முரண்பாட்டுக்கு வருகிறேன். இறப்புச் செய்தியில் வரும் வயதிலிருந்து ஆண்டைக் கணக்கிடுவது வழுக்கலான வேலை. எடுத்துக்காட்டாக, ஒருவர் 1998 மார்ச்சில் 67 வயதில் இறந்தார் என்றால், அவர் பிறந்தது 1930ஆகவும் இருக்கலாம், 1931ஆகவும் இருக்கலாம். பின்னட்டையில் 1932 என்று இருந்தால் முரண்பாடு உறுதி. அந்நிலையில் இரண்டையும் எழுதி, ஒவ்வொன்றுக்கும் அதனதன் மேற்கோளைத் தாருங்கள். நூல் அவர் வாழ்ந்த காலத்தில் வந்தது, ஆகவே அவர் பார்த்துத் திருத்தியிருப்பார் என்பது நியாயமான ஊகந்தான். ஆனால் அந்த ஊகத்துக்கு உரிய இடம், கட்டுரையைப் பற்றிப் பயனர்கள் விவாதிக்கும் உரையாடல் பக்கம், கட்டுரை அன்று.

வெண்தாள்:

மேலே சொன்னதை முழுவதும் ஏற்கிறேன். நடையைப் பற்றி மட்டும் சேர்க்கிறேன்.

உங்கள் முதல் வாக்கியம் இது: "ஈடு இணையற்ற அறிவியல் எழுத்தாளரான இவர், தம் எளிய நடையால் எண்ணற்ற வாசகர்களின் உள்ளங்களைக் கொள்ளை கொண்டார்." இதில் சரிபார்க்கக்கூடியவற்றை மட்டும் விட்டு மற்றதை அடித்துவிடுங்கள். அவர் அறிவியல் எழுதினார் என்பது மட்டுமே மிஞ்சும். அவருடைய பெருமை தெரியாமல் போகும் என்று அஞ்சுகிறீர்கள்; இப்போதிருக்கும் வாக்கியத்திலும் அது தெரியவில்லை, ஏனெனில் இதே வாக்கியத்தை எந்த எழுத்தாளரின் பெயருக்குக் கீழும் வைத்துவிடலாம். எந்த இதழில், எத்தனை ஆண்டுகள், எதைப் பற்றி எழுதினார், எந்தத் திறனாய்வாளர் அதை எங்கே எப்படி மதிப்பிட்டார் என்று எழுதுங்கள். பாராட்டைச் சொல்லத் தடையில்லை. பாராட்டியவர் யார் என்பது வாக்கியத்திலேயே இருக்க வேண்டும். "சான்றோர் பலர் போற்றுகின்றனர்" என்று எழுதினால், அந்தப் பலரில் ஒருவரையாவது வாசகர் தேடிப் பார்க்க வழி இருப்பதில்லை.

பெயருக்கு முன் திரு., பின்னால் அவர்கள், ஐயா என்பன வேண்டாம். "பிறந்தார்", "எழுதினார்" என்னும் மரியாதை விகுதியே போதும். "இயற்கை எய்தினார்" என்பதை "இறந்தார்" என்று மாற்றுவதில் அவமதிப்பு எதுவும் இல்லை.

நடுநிலை தவறுவது புகழ்ச்சியால் மட்டும் நேர்வதன்று. மூன்றாம் பத்தியில் இன்னொரு எழுத்தாளரைப் பற்றி, அவர் "தாமே முதலில் எழுதியதாகக் கூறிக்கொண்டார்" என்று எழுதியிருக்கிறீர்கள். அவர் பொய் சொல்கிறார் என்ற ஐயத்தை அந்த வினை வாசகர் மனத்தில் விதைக்கிறது. "என்று கூறினார்" என்பதோடு நிறுத்துங்கள். அந்தக் கருத்து வேறுபாட்டைச் "சர்ச்சைகள்" என்று தனித் தலைப்பில் ஒதுக்காமல், அது நிகழ்ந்த காலத்தில், வாழ்க்கையின் ஓட்டத்திலேயே வைத்தால், அதற்கு உரிய அளவும் தானாக அமையும்.

பழையஏடு:

ஒன்றை விட்டுவிட்டீர்கள். நாளிதழ்ச் செய்தியின் தேதியைக் கட்டுரையின் தொகுத்தல் வரலாற்றோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். செய்தியாளரே விக்கிப்பீடியாவிலிருந்து எடுத்து எழுதியிருந்தால், நாம் அவரை மேற்கோள் காட்டுவது நம்மையே சான்றாகக் காட்டுவதாகிவிடும். இது கற்பனையான அச்சம் அன்று. 2009 பிப்ரவரியில் கார்ல்-தியோடர் சு குட்டன்பெர்க் ஜெர்மனியின் பொருளாதார அமைச்சரானபோது, அவருடைய நீண்ட பெயர் வரிசையில் "வில்ஹெல்ம்" என்ற இல்லாத பெயரை ஒருவர் ஜெர்மன் விக்கிப்பீடியாவில் நுழைத்தார். பெரிய ஊடகங்கள் அதை அப்படியே வெளியிட்டன. பிறகு அந்தச் செய்தியே அப்பெயருக்குச் சான்றாகக் கட்டுரையில் காட்டப்பட்டது.

உங்கள் எழுத்தாளர் காலமாகிவிட்டாலும், மூன்றாம் பத்தியில் வரும் மற்றொரு எழுத்தாளர் உயிரோடு இருந்தால், வாழும் மனிதர்களுக்கான கடுமையான விதிகள் அந்த வரிகளுக்கும் பொருந்தும். சான்றில்லாத சர்ச்சைக்குரிய செய்தியை அங்கே "சான்று தேவை" என்று குறித்துவிட்டுக் காத்திருக்கக் கூடாது. உடனே நீக்க வேண்டும். 2005 மே மாதத்தில், அமெரிக்க இதழாளர் ஜான் சைகன்தாலருக்குக் கென்னடி சகோதரர்களின் கொலைகளில் பங்கிருந்ததாக ஒரு காலத்தில் கருதப்பட்டது என்ற பொய்யை ஒருவர் எழுதினார். அது மாதக்கணக்கில் யார் கண்ணிலும் படாமல் அப்படியே இருந்தது. அவ்வாண்டு டிசம்பரில், பதிவு செய்யாத பயனர்கள் ஆங்கில விக்கிப்பீடியாவில் புதிய கட்டுரை தொடங்குவது நிறுத்தப்பட்டது.

அச்சில் மட்டுமே கிடைக்கும் பழைய இதழ்களையும் தயங்காமல் பயன்படுத்துங்கள். இணைய இணைப்பு இருக்க வேண்டும் என்பது கட்டாயமில்லை. இதழின் பெயர், தேதி, பக்க எண் இருந்தால் போதும். இணையப் பக்கமானால், பக்கங்களின் படிகளைக் காத்துவைக்கும் இணையக் காப்பகமான வேபேக் மெஷினில் ஒரு படியைச் சேமித்து, அந்த இணைப்பையும் தாருங்கள்.

புதுவரவு:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. இரண்டு நாளிதழ்ச் செய்திகளும் சொல்லுக்குச் சொல் ஒன்றாகவே இருக்கின்றன, ஒன்றை நீக்கிவிட்டேன். நூலகத்தில் பழைய மாத இதழ்களைத் தேடியதில் மதிப்புரை ஒன்று கிடைத்தது. முதல் பத்தியை இவ்வாறு மாற்றியிருக்கிறேன்:

"இவர் மாத இதழ் ஒன்றில் ஏழு ஆண்டுகள் வானியல் தொடர் எழுதினார். தொடர் பின்னர் நூலாக வெளிவந்தது. அந்நூலுக்கு மதிப்புரை எழுதிய திறனாய்வாளர், கலைச்சொற்களை விளக்கியிருக்கும் முறையைப் பாராட்டினார். விளக்கப்படங்கள் குறைவு என்பதையும் சுட்டினார். பொதுமக்களுக்கான வானியல் எழுத்தைத் தொடங்கி வைத்தவர் இவரே."

இதழ், திறனாய்வாளர் ஆகியோரின் பெயர்களைக் கட்டுரையில் தந்திருக்கிறேன்.

அடிக்குறிப்பு:

முதல் நான்கு வாக்கியங்களும் நன்றாக அமைந்துள்ளன. குறையையும் சேர்த்துச் சொன்னதால் பாராட்டுக்கு வலுக் கூடியிருக்கிறது. ஐந்தாவது வாக்கியத்துக்கு மதிப்புரையில் ஆதாரம் இருக்கிறதா என்று மீண்டும் பாருங்கள். ஒரு துறையைத் தொடங்கி வைத்தவர் என்று சொல்ல, அவருக்கு முன் எழுதியவர்களையும் ஆராய்ந்த துறை வரலாறு ஒன்று தேவை; ஒரு நூலின் மதிப்புரை அதைச் செய்திருக்க வாய்ப்புக் குறைவு. அத்தகைய நூல் கிடைக்கும்வரை அந்த வாக்கியத்தை உரையாடல் பக்கத்துக்கு நகர்த்தி, தேடிக்கொண்டிருப்பதாக ஒரு குறிப்பு எழுதுங்கள். அதன்பின் வார்ப்புருக்களை இட்ட பயனரையே அங்கு அழைத்து, அவற்றை நீக்கலாமா என்று கேளுங்கள்.