சித்தப்பா பெட்டியில் தி க்யூர் கேசட்: ஹிட்ஸ் தொகுப்பிலிருந்து ஆரம்பிக்கலாமா?

பாளை பையன்:

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் சித்தப்பா கப்பலில் வேலை பார்த்தவர். அவருடைய தூத்துக்குடி வீட்டைக் காலி செய்தபோது தகரப் பெட்டியில் இருந்த கேசட்டுகள் என் பங்குக்கு வந்தன. பாதிக்கு மேல் டிஸ்கோ. ஒன்று மட்டும் தி க்யூர் என்ற இங்கிலாந்து பேண்டுடையது. பெயர் ‘ஸ்டாண்டிங் ஆன் எ பீச்’, 1986. அட்டையில் முகமெல்லாம் சுருக்கம் விழுந்த ஒரு கிழவர். பேண்டுக்காரர்கள் ஒருவர்கூட அட்டையில் இல்லை.

போஸ்ட்-பங்க் என்கிற இந்த ராக் வகை எனக்குப் புதிது. ஹிட்ஸ் தொகுப்பெல்லாம் சோம்பேறிகளுக்கு, ஆல்பங்களைக் கேள் என்கிறான் ஹாஸ்டல் நண்பன். தொகுப்புதான் வேண்டுமென்றால் 2001-ல் வந்த ‘கிரேட்டஸ்ட் ஹிட்ஸ்’ போதும் என்கிறான் இன்னொருவன். கேசட்டின் இரண்டாம் பக்கத்தில் இருக்கும் பாட்டுகள் சிடி பட்டியலில் இல்லவே இல்லை. அது ஏன்? டேப்பை ஓட்டினால் கீச்சென்று ஒரு சத்தமும் வருகிறது. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

மேலரதவீதி:

உங்கள் நண்பர் சொல்வதுதான் சரி. தொகுப்பு என்பது கம்பெனிக்காரன் கத்தரிக்கோல் வைத்துச் செய்யும் வேலை. 1980 ‘செவன்டீன் செகண்ட்ஸ்’, 1981 ‘ஃபெய்த்’, 1982 ‘போர்னோகிராஃபி’. இந்த மூன்றையும் விளக்கை அணைத்துவிட்டு வரிசையாகக் கேளுங்கள். மற்றதெல்லாம் அப்புறம்.

ஜங்ஷன் அண்ணாச்சி:

தம்பி, முதல் காரியமாக அந்தக் கேசட்டை யாருக்கும் இரவல் கொடுக்காதே. மேலரதவீதி சொன்னதில் பாதியை எடுத்துக்கொள், பாதியை விட்டுவிடு.

நான் ஜங்ஷனில் ஈரடுக்குப் பாலத்துக்குப் பக்கத்தில் ரெக்கார்டிங் கடை வைத்திருந்தவன். காலேஜ் பையன்கள் நோட்டிலிருந்து தாளைக் கிழித்துப் பட்டியல் எழுதி வருவார்கள். அறுபது நிமிடக் கேசட்டிலோ தொண்ணூறு நிமிடக் கேசட்டிலோ பதிந்து கொடுப்பேன். வந்ததெல்லாம் பெரும்பாலும் இளையராஜாதான், இங்கிலீஷ் கேட்கிறவர்கள் கொஞ்சம் பேர். எந்தப் பாட்டுக்குப் பின்னால் எது வருகிறது, பக்கம் எங்கே முடிகிறது என்பதில்தான் அந்தத் தொழிலே இருந்தது. கடைசிப் பாட்டு பாதியில் அறுந்தால் மறுநாள் காலையில் கடை வாசலில் சண்டை.

ஹிட்ஸ் தொகுப்பு என்றால் ஆல்பங்களிலிருந்து நல்லதைப் பொறுக்கியது என்று நினைத்துக்கொள்கிறோம். அந்தக் கால இங்கிலாந்து பேண்டுகளுக்கு இந்தக் கணக்குப் பொருந்தாது. ஒரு பாட்டை சிங்கிள் என்று தனித்தட்டாகப் போடுவார்கள், பல சமயம் அதை ஆல்பத்தில் சேர்க்கவே மாட்டார்கள். உன் கேசட்டின் முதல் பக்கத்தில் 13 சிங்கிள் இருக்கிறது. அதில் ‘கில்லிங் ஆன் அராப்’, ‘பாய்ஸ் டோன்ட் க்ரை’, ‘ஜம்ப்பிங் சம்ஒன் எல்ஸஸ் ட்ரெய்ன்’, ‘ஷார்லட் சம்டைம்ஸ்’, ‘லெட்ஸ் கோ டு பெட்’, ‘தி வாக்’, ‘தி லவ்கேட்ஸ்’ ஆகிய ஏழும் இங்கிலாந்தில் வந்த அவர்களுடைய ஸ்டூடியோ ஆல்பம் எதிலும் கிடையாது. விளக்கை அணைத்துவிட்டு ஆல்பமாகவே கேட்டுக்கொண்டு போனால் இந்த ஏழும் உன் காதிலேயே விழாது. ‘பாய்ஸ் டோன்ட் க்ரை’ கேட்காமல் க்யூர் கேட்டேன் என்று வெளியே சொல்ல முடியுமா?

இவர்கள் மட்டும் இல்லை. ஜாய் டிவிஷன் என்ற இன்னொரு இங்கிலாந்து பேண்டின் ‘லவ் வில் டேர் அஸ் அபார்ட்’ 1980-ல் தனியாக வந்தது, அவர்களுடைய இரண்டு ஆல்பத்திலும் இல்லை. 1988-ல் வந்த ‘சப்ஸ்டன்ஸ்’ தொகுப்பை வாங்குவதற்கு அந்த ஒரு பாட்டே போதும். அந்த பேண்டில் மிஞ்சியவர்கள் நியூ ஆர்டர் என்று பெயர் மாற்றிக்கொண்டு 1987-ல் போட்ட தொகுப்புக்கும் ‘சப்ஸ்டன்ஸ்’ என்றுதான் பெயர். கடையில் கேட்கும்போது எந்த பேண்ட் என்று சொல்லிக் கேட்க வேண்டும், இல்லையென்றால் மாற்றி எடுத்துக் கொடுத்துவிடுவான்.

சரி, உன் கேசட்டுக்கு வருகிறேன். முதல் பக்கம் வந்த கால வரிசைப்படியே போகும். ஆரம்பத்தில் மூன்று பேர், மெலிந்த கிடார், வேகமான பாட்டுகள். ‘எ ஃபாரஸ்ட்’ வந்ததும் இருட்டிவிடும். அதில் பாஸ் கிடாரை மட்டும் பின்தொடர்ந்து போய்ப் பார், பாட்டை நடத்திக்கொண்டு போவதே அதுதான். அப்புறம் ‘ப்ரைமரி’, ‘ஷார்லட் சம்டைம்ஸ்’, ‘தி ஹாங்கிங் கார்டன்’ என்று இருட்டு கூடிக்கொண்டே போகும். அடுத்த பாட்டு ‘லெட்ஸ் கோ டு பெட்’. துட்டி வீட்டிலிருந்து நேரே கல்யாணப் பந்தலுக்குள் நுழைந்த மாதிரி இருக்கும்.

நடந்தது இதுதான். 1982-ல் ‘போர்னோகிராஃபி’ சுற்றுப்பயணம் முடிந்ததும் பாஸ் வாசித்த சைமன் கேலப் விலகிவிட்டார். பாடகர் ராபர்ட் ஸ்மித்தும் லால் டோல்ஹர்ஸ்ட்டும்தான் மிச்சம். டோல்ஹர்ஸ்ட் டிரம்ஸை விட்டுவிட்டு கீபோர்டுக்கு மாறினார். ஆட்டப் பாட்டுகளாகப் போட ஆரம்பித்தார்கள். ‘தி லவ்கேட்ஸ்’ இங்கிலாந்துப் பட்டியலில் 7-ம் இடத்துக்குப் போனது, முதல் பத்துக்குள் அவர்கள் நுழைந்தது அப்போதுதான். ஆல்பத்தை மட்டும் பிடித்துக்கொண்டு போகிறவன் 1982-லிருந்து நேராக 1984-ன் ‘தி டாப்’பில் போய் இறங்குவான். நடுவில் பேண்டே தலைகீழாகப் புரண்டது அவனுக்குத் தெரியாது.

இப்போது இரண்டாம் பக்கம். சிங்கிள் தட்டுகளின் மறுபக்கத்தில் வந்த 12 பாட்டுகள் அவை, கேசட்டில் மட்டும் சேர்த்தார்கள். எல்.பி. என்ற பெரிய தட்டில் 13 சிங்கிளோடு சரி. சிடிக்கு ‘ஸ்டேரிங் அட் தி சீ’ என்று வேறு பெயர் வைத்து, மறுபக்கப் பாட்டுகளை விட்டுவிட்டு, ஆல்பப் பாட்டு நாலைச் சேர்த்து 17 ஆக்கினார்கள். உன் சிடி பட்டியலில் அவை இல்லாததற்குக் காரணம் அதுதான். 2004-ல் ‘ஜாயின் தி டாட்ஸ்’ என்று நாலு சிடி பெட்டி வந்த பிறகுதான் மறுபக்கப் பாட்டுகளை மொத்தமாக ஓரிடத்தில் கேட்க முடிந்தது. எல்லாமே தங்கம் என்று சொல்ல மாட்டேன், சில பாட்டுகள் ஸ்டூடியோவில் நேரம் போகாமல் செய்தவை. ஆனால் ‘அனதர் ஜர்னி பை ட்ரெய்ன்’ ஒன்றுக்காகவே கேசட்டைத் திருப்பிப் போடலாம். ‘எ ஃபாரஸ்ட்’டின் மறுபக்கத்தில் வந்தது, பாடுகிற குரல் கிடையாது, வாத்தியம் மட்டும்தான். நெல்லை எக்ஸ்பிரஸில் ஏறி உட்கார்ந்ததும் போட்டால் தாழையூத்து தாண்டுவதற்குள் முடிந்துவிடும். எத்தனை பேருக்கு வாக்மேனில் இதைப் போட்டுக் காட்டியிருக்கிறேன் தெரியுமா? பாதிப் பேர் “குரல் எப்ப வரும் அண்ணாச்சி?” என்று கேட்பார்கள்.

2001 தொகுப்பு மோசமில்லை. ‘ஜஸ்ட் லைக் ஹெவன்’, ‘ஃப்ரைடே ஐயாம் இன் லவ்’ எல்லாம் இதற்குப் பிந்திய பாட்டுகள், அதில்தான் இருக்கும். ஆனால் ‘ப்ரைமரி’, ‘ஷார்லட் சம்டைம்ஸ்’, ‘தி ஹாங்கிங் கார்டன்’ மூன்றையும் விட்டுவிட்டார்கள். துட்டி வீட்டுக்கே போகாமல் நேராகப் பந்திக்குப் போகிற ஆளுக்கு அது சரிப்படும்.

உவரிக்காரி:

அட்டையில் இருக்கும் கிழவர் யாரென்று ஒருவரும் சொல்லவில்லையே. அவர் ஓய்வு பெற்ற மீனவர். எங்கள் வீட்டில் என் போனில் அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு, வலை பொத்திக்கொண்டிருந்த அப்பா, “யாரு இது, கூத்தங்குழிக்காரரா?” என்று கேட்டார்.

தலைப்பு ‘கில்லிங் ஆன் அராப்’ பாட்டின் முதல் வரியில் வருவது. அந்தப் பாட்டு ஆல்பெர் காம்யுவின் ‘அந்நியன்’ நாவலில் கடற்கரையில் நடக்கும் கொலையைப் பற்றியது. வெ. ஸ்ரீராம் மொழிபெயர்ப்பில் க்ரியா வெளியிட்டதைப் படித்திருப்பீர்கள். நாவலைப் படிக்காதவர்களுக்கு அது இனவெறிப் பாட்டாகத்தான் படும். அமெரிக்காவில் எதிர்ப்பு கிளம்பி, அது அப்படிப்பட்ட பாட்டில்லை என்று விளக்கம் அச்சிட்ட ஸ்டிக்கரை அட்டையில் ஒட்டி விற்க வேண்டியதாயிற்று. 2001 தொகுப்பில் அந்தப் பாட்டே கிடையாது. என்னைக் கேட்டால், தலைப்பை வேறு மாதிரி வைத்திருக்கலாம். மெட்டு பிடிக்கும், ஆனாலும் பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்குக் கேட்கிற மாதிரி அதைப் போட எனக்கு இன்றும் கூச்சம்தான்.

மேலரதவீதி:

அண்ணாச்சி, ‘ப்ரைமரி’யில் கிடாரே இல்லை, ஸ்மித்தும் கேலப்பும் ஆளுக்கொரு பாஸ் வாசிக்கிறார்கள். அந்தக் கனம் ‘ஃபெய்த்’ ஆல்பத்துக்குள் வைத்துக் கேட்டால்தான் தெரியும். ‘எ ஃபாரஸ்ட்’டுக்கும் ‘ஷார்லட் சம்டைம்ஸு’க்கும் நடுவில் செருகினால் அதுவும் ஒரு பாட்டு, அவ்வளவுதான். நான் சொன்னதை மாற்றிக்கொள்வதாக இல்லை.

பாளை பையன்:

ரொம்ப நன்றி அண்ணாச்சி, அக்கா. முதலில் கேசட், அப்புறம் ‘ஃபெய்த்’ என்று வைத்துக்கொள்கிறேன். இந்தக் கீச் சத்தத்துக்கு என்ன செய்ய?

ஜங்ஷன் அண்ணாச்சி:

பல வருஷம் பெட்டியில் கிடந்த டேப்பை எடுத்ததும் ப்ளே போடக் கூடாது. ஒருமுறை முழுக்க முன்னால் ஓட்டி, முழுக்கப் பின்னால் ஓட்டு. ஒட்டிக் கிடக்கும் சுற்று தளரும். ப்ளேயரில் டேப் உரசிப் போகும் ஹெட்டையும் ரப்பர் ரோலரையும் மெடிக்கலில் விற்கும் ஸ்பிரிட்டைப் பஞ்சில் தொட்டுத் துடை. பஞ்சு பழுப்பாக வருவது நிற்கும்வரை துடை.

பிறகு கேசட்டின் திறந்த ஓரத்தில், நடுவில், டேப்புக்குப் பின்னால் பார். பித்தளைத் தகட்டில் ஒரு சின்னக் கம்பளித் துண்டு ஒட்டியிருக்க வேண்டும். அது விழுந்திருந்தால் சத்தம் மங்கி மங்கி வரும். மூலையில் திருகாணி இருக்கிற பழைய கேசட் ஒன்றைப் பிரித்து, உன் டேப்பை அந்தக் கூட்டுக்கு மாற்றிவிடலாம். உன்னுடையது ஒட்டிய கூடாக இருந்தால் பிளேடு வைத்து ஓரத்தில் மெதுவாகக் கீறு. டேப் இருக்கும் பக்கம் பிளேடு போகக் கூடாது.

ஓட ஆரம்பித்ததும் அன்றைக்கே லேப்டாப்பில் ஏற்றிவிடு. ஹெட்போன் ஓட்டையிலிருந்து வயர் கொடுத்து ஆடாசிட்டி என்ற பதிவு மென்பொருளில் பதியலாம், லெவல் சிவப்பைத் தொடாமல் பார்த்துக்கொள். இரண்டாம் பக்கத்தை முதலில் பதி. நடுவில் டேப் சிக்கினாலும் முதல் பக்கத்துப் பாட்டுகள் வேறு எங்கேயாவது கிடைக்கும்.