நூறு நாள் கூலி: இணையத்தில் வரவு என்கிறது, பாஸ்புக்கில் இல்லை

திருப்பூர்_தம்பி:
வணக்கம். ஊரில் அம்மா நூறு நாள் வேலைக்குப் போகிறார். கூட வேலை பார்த்த அத்தைக்கும் பக்கத்து வீட்டு அக்காவுக்கும் கூலி ஏறிவிட்டது. அம்மாவுக்கு மட்டும் இல்லை. வேலை அட்டை எண்ணைப் போட்டுப் பார்த்தால் வரவு வைத்தாச்சு என்று காட்டுகிறது. வங்கியில் கேட்டால் "ஆதார் இணைச்சாச்சு, எங்க பக்கம் ஒன்னும் இல்ல" என்கிறார்கள். பணித்தளப் பொறுப்பாளர் ஒன்றிய அலுவலகத்தைக் கைகாட்டுகிறார். வயசானவரை அலையவிட மனசில்லை. எங்கே போய்க் கேட்பது?

ஒன்றியக்_கணினி:
தம்பி, மற்றவர்களுக்கு வந்துவிட்டதே, அப்போது இது நிதி நிலுவை இல்லை. (2024 நவம்பர் கடைசியிலிருந்து சில மாதம் மாநிலம் முழுக்கக் கூலி நின்றதே, அது வேறு.) அம்மாவின் பணம் அனேகமாக இன்னொரு வங்கியில் இருக்கும்.

2024 ஜனவரி 1 முதல் இந்தக் கூலிக்கு ஆதார் வழிப் பட்டுவாடா கட்டாயம். அதில் கணக்கு எண் பார்ப்பதே கிடையாது. எந்த ஆதாருக்கு எந்த வங்கி என்று என்பிசிஐ (வங்கிகளுக்கு இடையே பணம் அனுப்பும் அமைப்பு) ஒரு பட்டியல் வைத்திருக்கிறது. ஒரு ஆதாருக்கு ஒரே வங்கிதான். கடைசியாகப் பதிந்தது எதுவோ அங்கேதான் போகும். உங்கள் வங்கி சொல்லும் இணைப்பு வெறும் கேஒய்சியாக, அதாவது ஆள் அடையாளம் சரிபார்த்ததாக மட்டும் இருக்கலாம்.

ஆதார் ஆணையத்தின் மைஆதார் தளத்தில் ஓடிபி போட்டு நுழைந்து 'பேங்க் சீடிங் ஸ்டேட்டஸ்' பாருங்கள். வங்கியின் பெயர் வரும், கணக்கு எண் வராது. அம்மா அண்மையில் வேறு கணக்கு தொடங்கினாரா?

திருப்பூர்_தம்பி:
ஆமாம் அண்ணா, வேறு வங்கிதான் வருகிறது. குழுக் கடனுக்காகக் கைரேகை வைத்துத் திறந்த கணக்கு, பாஸ்புக்கே தரவில்லை. கூலி அந்தக் கணக்குக்கு மாறிவிடும் என்று அம்மாவிடம் ஒருவரும் சொல்லவில்லை. பணத்தை எப்படி எடுப்பது?

கைரேகை_மிஷின்:
ஊருக்கு மிஷினோடு வரும் வங்கி முகவரிடமோ தபால்காரரிடமோ எடுக்கலாம். அந்த வங்கியின் பெயரைச் சொல்லி, முதலில் இருப்பு மட்டும் பார்க்கச் சொல்லுங்கள். ரசீது கட்டாயம் வாங்கச் சொல்லுங்கள். ரேகை வாங்கிப் பணத்தை எடுத்துக்கொண்டு, "விழல" என்று சொல்லி அனுப்பிவிடுகிறவர்களும் உண்டு.

பிறகு பழைய வங்கியில் "ஆதார் இணைக்கணும்" என்று கேட்காதீர்கள், "டிபிடிக்கு என்பிசிஐ மேப்பிங் மாத்தணும்" என்று கேளுங்கள் (டிபிடி என்பது அரசு நேரடியாகக் கணக்கில் போடும் பணம், மேப்பிங் என்பது அந்தப் பட்டியலில் இருக்கும் வங்கிப் பதிவு). ஒப்புதல் படிவத்தில் இப்போது இருக்கும் வங்கியின் பெயரையும் எழுத வேண்டும். சில நாள் கழித்து அதே மைஆதார் பக்கத்தில் பெயர் மாறியிருக்கிறதா பாருங்கள்.

ஒன்றியக்_கணினி:
இதே சிக்கலோடு வருகிறவர்களுக்கு: வரவுக்குப் பதில் 'இன்ஆக்டிவ் ஆதார்' என்று நிராகரித்திருந்தால், ஆதார் செத்துவிட்டது என்று பயப்பட வேண்டாம். அந்தப் பட்டியலில் இருந்த பதிவு போய்விட்டது, அவ்வளவுதான். மேப்பிங் சரிசெய்த பிறகு ஒன்றியத்தில் மனு கொடுத்தால் கூலியை மறுபடி அனுப்புவார்கள்.

2017-இல் ஏர்டெல் சிம் சரிபார்க்க வைத்த ரேகையை வைத்தே கணக்குத் திறந்து, லட்சக்கணக்கானோரின் எரிவாயு மானியம் அங்கே போனது. ஆதார் ஆணையம் அந்த நிறுவனத்தின் ஆதார் வழிச் சரிபார்ப்பு அனுமதியை நிறுத்தி வைத்தது. இத்தனை வருடம் கழித்தும் இப்படிக் கேள்வி வருவது எனக்குக் கோபமாகத்தான் இருக்கிறது. வங்கி மாறும் முன் அந்த அம்மாவுக்குத் தமிழில் சொல்லி, சம்மதம் கேட்டுத்தான் மாற்ற வேண்டும்.

திருப்பூர்_தம்பி:
தபால்காரர் இருப்பு பார்த்துச் சொன்னார், கூலி முழுதும் அங்கேதான் இருக்கிறது. மேப்பிங் மாற்றினால் பி.எம். கிசான் 2,000 ரூபாயும் பழைய கணக்குக்கே வந்துவிடுமா?

கைரேகை_மிஷின்:
ஆதார் வழியாக வருவதெல்லாம் கூடவே வந்துவிடும். ஏற்கெனவே அங்கே விழுந்த பணம் தானாக வராது, அதை எடுத்துவிடுங்கள்.