சூயா கிம்பாப் சாப்பிட்டவர்கள் சொல்லுங்கள்

தென் கொரியாவின் சுவோனிலிருந்து:

இங்கே தலைநகர் சோலில் ஹான் ஆற்றங்கரைக்குப் போகிறவர்கள் பாயை விரித்ததும் முதலில் பையிலிருந்து வெளியே வருவது பெரும்பாலும் கிம்பாப்தான், அதாவது சோற்றையும் கறிகாயையும் கடற்பாசித் தாளில் சுருட்டி வெட்டிய கொரியச் சாப்பாடு. ஏப்ரலில் செர்ரி பூக்கும் சமயம், யொய்தோ பூங்காவில் என் ஆய்வக நண்பர் ஒரு டப்பாவைத் திறந்தார். அவர் நைஜீரியாவின் கானோ ஊர்க்காரர். உள்ளே இருந்தது சூயா வைத்துச் சுருட்டிய கிம்பாப்.

சூயா, ஹௌசா மக்களின் தெருவோரத் தீனி. மாட்டிறைச்சியை மெல்லிசாக அரிந்து, குச்சியில் கோத்து, யாஜி என்ற பொடியைப் புரட்டித் தணலில் சுடுவார்கள். யாஜிக்கு உயிர் கொடுப்பது குலிகுலி. நிலக்கடலையை அரைத்து, எண்ணெயைப் பிழிந்து, மிஞ்சும் விழுதை உருட்டிப் பொரித்தால் குலிகுலி. அதை இடித்து, சுக்கும் மிளகாயும் உப்பும் சேர்த்தால் யாஜி. நம் வீட்டு நிலக்கடலைப் பொடிக்கு அண்ணன் என்று சொல்லலாம், காரம் அவ்வளவு!

இது ஏன் இவ்வளவு பொருந்தியது என்றால், சூயா ஈரமில்லாத கறி. கிம்பாப்புக்குள் ஈரமான எதை வைத்தாலும் கடற்பாசித் தாள் நமத்துப்போகும். சோற்றில் ஏற்கெனவே நல்லெண்ணெய் பிசைந்திருப்பதால் கடலை வாசம் அதோடு சேர்ந்துகொள்கிறது. சூயாவுக்குத் தொட்டுக்கொள்ளும் பச்சை வெங்காயம், தக்காளியின் வேலையை மஞ்சள் முள்ளங்கி ஊறுகாய் செய்துவிடுகிறது. வழக்கமாக வைக்கும் ஹாமை (பன்றிக்கறி) அவர் சேர்க்கவில்லை. கறி வாங்கியது சோலின் இதேவோன் பள்ளிவாசல் பக்கத்து ஹலால் கடையில். 1976-இல் திறந்த அந்தப் பள்ளிவாசலைச் சுற்றித்தான் இப்படிப்பட்ட கடைகள் நிறைய.

மேற்கு ஆப்பிரிக்கத் தக்காளிச் சோறான ஜொலோஃபையே உள்ளே வைக்கலாமே என்று கூட வந்த ஒருவர் கேட்டார். அது நீள அரிசி, புழுங்கல். உதிரியாக வருவதுதான் அதற்கு அழகு. சுருட்டி வெட்டினால் கொட்டிவிடும். கொரியக் குட்டை அரிசியைத் தக்காளி, சிவப்புக் குடமிளகாய், தைம் போட்டு வேகவைத்தால் ஒட்டும். ஆனால் இரண்டு மசாலா மோதினால் சூயா எடுபடாது. என் ஓட்டு வெள்ளைச் சோற்றுக்கே.

தேமாவிலிருந்து:

கானாவில் நான் பார்த்தது வேறு வழி. துறைமுகத்தில் எங்களோடு வேலை செய்த கொரியக்காரர் ஒருவர் தொங்யோங் ஊர்க்காரர். 1995-க்கு முன் அந்த நகரத்துக்குச் சுங்மு என்று பெயர். சுங்மு கிம்பாப் தெரியுமா? உள்ளே ஒன்றுமே கிடையாது, வெறும் சோறு, விரல் பருமன். காரக் கணவாயும் முள்ளங்கிக் கிம்ச்சியும் தனியாக வரும். கடலுக்குப் போகிறவர்களின் சாப்பாடு வெயிலில் கெடாமலிருக்க, சோற்றையும் கறியையும் இப்படிப் பிரித்து வைத்தார்கள் என்பார்கள்.

லபாடி கடற்கரைக்குப் போனபோது அவர் அந்தச் சோற்றுச் சுருளைக் கொண்டுவந்தார். அக்ராக்காரத் தோழி கணவாய்க்குப் பதில் ஷிட்டோவை எடுத்து வைத்தார். கருவாட்டுத் தூள், காய்ந்த இறால், இஞ்சி, பூண்டு, மிளகாய் எல்லாம் எண்ணெயில் கறுக்கக் கறுக்க வதங்கிய தொக்கு அது. விடுதிக்குப் போகும் பிள்ளைகளின் பெட்டியில் கட்டாயம் ஒரு பாட்டில் இருக்கும், அவ்வளவு நாள் தாங்கும். கெடாமலிருக்கச் செய்த இரண்டு சாப்பாடு ஒரே இலையில்! நான் அதற்கு மேல் ஒரு கரண்டி கோச்சுஜாங் (கொரிய மிளகாய் விழுது) கலந்து பார்த்தேன். லேசான இனிப்பு ஏறி இன்னும் நன்றாக இருந்தது. இதற்குச் சமையல் திறமை எதுவும் வேண்டாம், இரண்டு பாட்டில் இருந்தால் போதும்.

மீண்டும் சுவோனிலிருந்து:

சைவமாக வேண்டும் என்பவர்களுக்கு: சிப்பிக் காளானைக் கிழித்து, தண்ணீர் வற்றும் வரை வதக்கி, அப்புறம் யாஜி தூவுங்கள். முதலிலேயே தூவினால் பொடி கருகும். நிலக்கடலை ஒவ்வாதவர் யாராவது வருகிறார்களா என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள், பொடியில் அது வெளியே தெரியாது. கிம்பாப்பை அன்றைக்கே சாப்பிட்டுவிடுங்கள். மிஞ்சியதை ஃப்ரிட்ஜில் வைத்தால் சோறு விறைக்கும். மறுநாள் முட்டையில் தோய்த்துத் தவாவில் வாட்டினால் சரியாகிவிடும்.