தாத்தாவின் டிரங்குப் பெட்டியில் வங்காளிப் பாட்டுப் புத்தகங்கள்: என்ன செய்யலாம்?

கேள்வி: பரண்வாசி

என் தாய்வழித் தாத்தா 1948 முதல் 1967 வரை கல்கத்தாவில் ஒரு தேயிலைக் கம்பெனியில் கணக்கராக இருந்தவர். லேக் மார்க்கெட் பக்கம் குடியிருந்தார். சென்ற மாதம் வீட்டைக் காலி செய்தபோது பரணிலிருந்து இறக்கிய டிரங்குப் பெட்டியில், வங்காளிப் படங்களின் பாட்டுப் புத்தகங்கள் அறுபதுக்கு மேல் இருந்தன. அவற்றோடு சில சினிமாப் பத்திரிகைகளும், மூடி துருப்பிடித்த ஒரு ஃபிலிம் டப்பாவும் இருந்தன. டப்பாவைத் திறந்தால் புளித்த வாடை அடிக்கிறது. எனக்கு வங்காளம் படிக்கத் தெரியாது. "பெரிய படங்களையெல்லாம் வெளிநாட்டிலேயே புதுப்பித்துவிட்டார்கள், இந்தக் காகிதத்தை வைத்து என்ன செய்யப் போகிறாய்? பழைய பேப்பர் கடையில் போடு" என்று மாமா சொல்கிறார். அவர் சொல்வது சரிதானா? அந்த டப்பாவை வீட்டில் வைத்திருக்கலாமா?

பதில்: மூன்றாம் மணி

பேப்பர் கடைக்குப் போட்டுவிடாதீர்கள். உங்கள் மாமா சொல்வது சத்யஜித் ராய்க்குப் பொருந்தும். ஆனால் அவர் கதை விதிவிலக்கு. 1992-இல் அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கொடுக்க முடிவானபோது, விழாவில் காட்டுவதற்குத் தரமான பிரதிகள் கிடைக்காமல் ஆஸ்கர் விருதை வழங்கும் அமெரிக்க அகாடமி திண்டாடிய பிறகுதான் அவற்றைக் காக்கும் வேலையே முறையாகத் தொடங்கியது. அடுத்த ஆண்டே லண்டனில் ஒரு ஃபிலிம் லேபில் தீப்பிடித்து, அவருடைய மூன்று அபு வரிசைப் படங்களின் மூல நெகட்டிவ்கள் கருகின. கருகியதை அகாடமி தூக்கி எறியாமல் வைத்திருந்ததால், இத்தாலியின் பொலோன்யாவில் அவற்றைக் கையால் ஒட்டுப்போட்டுச் சீராக்கி, 2015-இல் மீண்டும் திரைக்குக் கொண்டுவர முடிந்தது. 'பதேர் பாஞ்சாலி'யில் ஏறத்தாழ 40 சதவீதமும் 'அபராஜிதோ'வில் 60 சதவீதத்துக்கு மேலும்தான் மூல நெகட்டிவிலிருந்து தேறின; 'அபுர் சன்சார்' மற்ற பிரதிகளை வைத்தே மீட்கப்பட்டது. உலகப் புகழ் பெற்றவருக்கே இந்தக் கதி என்றால், 1950-களில் மூன்று வாரம் ஓடிய ஒரு குடும்பப் படத்தைத் தேடி எந்த அகாடமி வரும்?

வங்க சினிமாவின் வரலாறே தீயில் போனவற்றின் பட்டியல் போலத்தான் இருக்கிறது. 1898-இல் ராயல் பயாஸ்கோப் கம்பெனியைத் தொடங்கி, கிளாசிக் தியேட்டர் நாடகங்களைப் படம்பிடித்த ஹீராலால் சென்னின் படங்கள் 1917-இல் கிடங்கோடு எரிந்தன. அவரும் அதே மாதத்தில் இறந்தார். தாகூர் இயக்கிய ஒரே படமான 'நடிர் பூஜா' 1932-இல் வந்தது. 1940-இல் கல்கத்தாவின் நியூ தியேட்டர்ஸ் ஸ்டூடியோவில் பிடித்த தீயில் அதன் பிரதிகள் போயின. பிரமதேஷ் பரூவாவின் 1935-ஆம் ஆண்டு வங்காள 'தேவதாஸ்' பிரதி ஒன்று டாக்காவில் உள்ள வங்கதேச ஃபிலிம் ஆவணக் காப்பகத்தில், அதுவும் பல பகுதிகள் கெட்ட நிலையில்தான், மிஞ்சியிருக்கிறது. மதன் தியேட்டர்ஸ் என்ற படக் கம்பெனியின் 'பில்வமங்கல்' (1919) துண்டு கிடைத்ததோ பாரிஸில்.

படம் போன இடத்தில் காகிதம் மட்டுமே சாட்சி. நம் ஊர் தியேட்டர் வாசலில் விற்ற பாட்டுப் புத்தகம் போலவே அங்கும் கதைச்சுருக்கம், பாட்டு, நடிகர் பட்டியல் என்று அச்சிட்டு விற்றார்கள். ஒன்றை எடுத்துப் பின்னட்டையைப் பாருங்கள். உத்தரா, பூரபி, உஜ்ஜலா என்றோ, மினார், பிஜலி, சபிகர் என்றோ மூன்று தியேட்டர் பெயர்கள் சேர்ந்து இருக்கக்கூடும். வடக்கே ஒன்று, தெற்கே ஒன்று, சியால்தா பக்கம் ஒன்று என மூன்றிலும் ஒரே நாளில் படத்தை வெளியிடுவது அந்நாளைய வழக்கம். எந்தப் படம் எந்த 'செயினில்' ஓடியது, விநியோகஸ்தர் யார், அச்சகம் எது, உதவி ஒளிப்பதிவாளர் யார் என்பதெல்லாம் படச்சுருளின் தலைப்பு அட்டையில்கூட இல்லாமல் பல சமயம் இந்தத் தாளில் மட்டும் இருந்திருக்கிறது. நியூ தியேட்டர்ஸின் பி. என். சர்க்கார் 1930-இல் கட்டிய சித்ரா தியேட்டர், பின்னாளில் மித்ரா என்று பெயர் மாறி, 2019-இல் மூடப்பட்டுவிட்டது. கட்டடமும் போனபின் விளம்பரத் தாளைத் தவிர வேறென்ன இருக்கிறது?

பதில்: லேப் பழகியவர்

டப்பாவைப் பற்றி மட்டும் சொல்கிறேன், ஏனென்றால் அதுதான் அவசரம். புளித்த வாடை, அதாவது வினிகர் வாடை, அசிட்டேட் ஃபிலிம் சிதையும்போது வருவது. ஒரு சுருளிலிருந்து எழும் அமில ஆவி பக்கத்துச் சுருளையும் கெடுக்கும் என்பதால், டப்பாவைப் புத்தகங்களிடமிருந்து இன்றே பிரித்து, வெயில் படாத, காற்றோட்டமுள்ள, முடிந்தவரை குளிர்ந்த இடத்தில் வையுங்கள். ஃபிலிமின் ஓரத்தில் ஆங்கிலத்தில் 'சேஃப்டி' என்று அச்சாகியிருந்தால், எளிதில் தீப்பிடிக்காத அசிட்டேட் வகை, நிம்மதி. 35 மில்லிமீட்டர் அகலத்தில் 'நைட்ரேட்' என்று இருந்தால், எளிதில் தீப்பிடிக்கும் பழைய வகை, கதை வேறு. அது பற்றிக்கொண்டால் தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே தருவதால் தண்ணீரில் முக்கினாலும் அணையாது. அதைத் தபாலிலோ பேருந்திலோ அனுப்பக் கூடாது. 1950-களின் தொடக்கத்தில் நைட்ரேட் தயாரிப்பு நின்றுவிட்டது, எனவே உங்கள் தாத்தாவின் காலத்துக்கு இரண்டில் எதுவும் இருக்கலாம். எதுவானாலும் புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்கும் ஆசையை விட்டுவிடுங்கள். சுருங்கிய ஃபிலிமின் துளைகள் பல்சக்கரத்தில் பொருந்தாமல் கிழியும். புனேயில் 1964 முதல் இயங்கும் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு முதலில் ஓர எழுத்தின் புகைப்படத்தை அனுப்பிக் கேளுங்கள்.

பதில்: ரசீது கேட்பவன்

மேலே சொன்னதை ஏற்கிறேன், ஆனால் ஒரு எச்சரிக்கை. என்னிடமிருந்த பழைய சினிமாத் தாள்களை நான் ஒரு நூலகத்துக்கு நல்லெண்ணத்தில் கொடுத்தேன். இரண்டாண்டு கழித்துப் போய்ப் பார்த்தபோது, அட்டைகளை வெட்டி எறிந்துவிட்டு, உள்பக்கங்களை மட்டும் தடித்த காலிகோ துணியில் பைண்டு செய்து அடுக்கியிருந்தார்கள். தேதியும் தியேட்டர் பெயரும் அந்த அட்டைகளில்தான் இருந்தன. எனக்கு ரசீதுகூட இல்லை.

ஆகவே எதையும் கைமாற்றும் முன், முன்னட்டை, பின்னட்டை, விளம்பரம் என ஒரு பக்கம் விடாமல் ஸ்கேன் செய்யுங்கள். துருப்பிடித்த கம்பிப் பின்களைப் பொறுமையாக நிமிர்த்தி எடுங்கள்; செலோடேப், லேமினேஷன் இரண்டும் வேண்டாம். பெட்டியில் எந்த வரிசையில் இருந்தனவோ அந்த வரிசையையே பென்சிலால் எண்ணிட்டுக் குறியுங்கள், அதைக் கலைத்து அகர வரிசைப்படுத்தத் தோன்றும், வேண்டாம். யார், எந்த ஆண்டுகளில், நகரின் எந்தப் பகுதியிலிருந்து வாங்கிச் சேர்த்தார் என்பதை அம்மாவிடமோ மாமாவிடமோ கேட்டு இப்போதே எழுதி வையுங்கள். என் அனுபவத்தில், காப்பகத்தார் முதலில் கேட்பதும் பெரும்பாலும் கிடைக்காமல் போவதும் இந்த விவரம்தான்.

கொடுப்பதென்றால் கல்கத்தாவிலேயே கொடுங்கள், வங்காளம் படிக்கிறவர்கள் அங்கேதான் இருக்கிறார்கள். ஜாதவ்பூர் பல்கலைக்கழகத்தின் திரைப்படவியல் துறையையும், சமூக அறிவியல் ஆய்வு மையத்தின் காட்சிக்கலை ஆவணத் தொகுப்பையும் விசாரிக்கலாம். இணையத்தில் ஏற்றுவதென்றால் ஒரு நுணுக்கம் உண்டு. நம் சட்டப்படி படத்தின் பதிப்புரிமை வெளியான ஆண்டுக்குப் பின் 60 ஆண்டுகள். பாடல் வரிகளுக்கோ கவிஞர் இறந்தபின் 60 ஆண்டுகள். எனவே அட்டைகளையும் பட்டியல்களையும் முதலில் ஏற்றுங்கள், பாட்டுப் பக்கங்களைப் பிறகு பார்க்கலாம்.

கேள்வியாளரின் மறுமொழி: பரண்வாசி

எல்லாருக்கும் நன்றி. ஃபிலிம் ஓரத்தில் 'சேஃப்டி' என்றுதான் இருக்கிறது. டப்பாவைத் தனியே எடுத்து வைத்து, புனேக்குப் படம் அனுப்பியிருக்கிறேன். நேற்றிரவு பதினேழு புத்தகங்களை ஸ்கேன் செய்தபோது, அவற்றில் ஒன்பதின் பின்னட்டையில் தாத்தாவின் பென்சில் கையெழுத்து தமிழில் இருப்பதைக் கவனித்தேன். ஒன்றில் "உஜ்ஜலா, ஞாயிறு, மாட்னி. மழை. இடைவேளைக்குப் பின் கரண்ட் இல்லை, பாதிக் காசு திருப்பினான்" என்று எழுதியிருக்கிறார். படத்தின் பெயர் மட்டும் எனக்குப் படிக்க வரவில்லை. அட்டையின் படத்தை நாளை இங்கே போடுகிறேன், வங்காளம் தெரிந்த யாராவது வாசித்துச் சொல்லுங்கள்.