கிளான் போரில் படைகளை இறக்கும் முறை குறித்து உதவி தேவை

குழுவினர் அனைவருக்கும் வணக்கம். காவேரிப்பட்டினம், பர்கூர், ஊத்தங்கரைப் பகுதி நண்பர்கள் சேர்ந்து கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் என்ற கைபேசி விளையாட்டில் ஒரு கிளான் (வீரர் குழு) நடத்தி வருகிறோம். எங்களில் பெரும்பாலோரின் டவுன் ஹால் (ஊரின் முதன்மைக் கட்டடம்) 9-ஆம் நிலையில் உள்ளது.

கிளான் போரில் எதிரியின் ஊரைத் தாக்கும்போது, அடி தாங்கும் ஜெயன்ட்களை முன்னால் அனுப்பி, வால் பிரேக்கர்களால் சுவரை உடைத்து, பின்னால் மந்திரவாதிகளான விசார்ட்களை இறக்குகிறோம். ஜெயன்ட்கள் பாதுகாப்புக் கட்டடங்களையே தேடிச் செல்வதால் உள்ளே நுழைந்துவிடுகின்றன. ஆனால் அருகிலுள்ள எதையும் தாக்கும் விசார்ட்கள், சுவருக்கு வெளியே இருக்கும் தங்கச் சுரங்கங்களையும் படை முகாம்களையும் இடித்தபடி ஊரைச் சுற்றியே நடப்பதால், தாக்குதலுக்கான 3 நிமிடம் முடியும்போதும் டவுன் ஹால் அப்படியே நிற்கிறது. நுழையும் இடத்தின் இரு ஓரங்களிலும் உள்ள கட்டடங்களை முதலில் அகற்றினால்தான் படை நடுவழியே செல்லும் என்பது புரிகிறது. அதற்கு ஓரத்துக்கு எத்தனை விசார்ட்களை ஒதுக்கலாம், எவ்வளவு அகற்றிய பிறகு முதன்மைப் படையை இறக்கலாம் என்பதே எங்கள் முக்கியமான கேள்வி.

எதிரியின் கிளான் கேஸிலில் (கிளான் தோழர்கள் தந்த படை தங்கும் கோட்டை) உள்ள படையை முன்கூட்டியே வெளியே இழுத்து அழிப்பது எப்படி என்பதையும், பறக்கும் படைகளைச் சுடும் ஏர் டிஃபென்ஸ் உயிரோடிருக்கும்போது, பறந்தபடி நம் படையைக் குணப்படுத்தும் ஹீலர்களை இறக்கலாமா என்பதையும் விளக்கினால் நன்று. போரில் ஒருவருக்கு 2 தாக்குதல்களே கிடைப்பதால், நீங்கள் சொல்வதை முதலில் கிளானுக்குள் நட்புச் சவாலில் பழகிப் பார்ப்போம். அனுபவமுள்ளவர்கள், இறக்கும் வரிசையோடு காரணத்தையும் சேர்த்து எழுதுமாறு அன்புடன் கேட்டுக்கொள்கிறேன்.