கத்திரி வெயிலில் ஒரு குச்சி ஐஸ்: கொடுத்த அனுபவம், கிடைத்த அனுபவம்

வேலூரிலிருந்து

கத்திரி தொடங்கிவிட்டால் எங்கள் ஊரில் காலை பத்து மணிக்கே தெரு வெறிச்சோடிவிடும். போன மே மாதம் அந்த வெயிலில்தான் எங்கள் தெருவில் குடிநீர்க் குழாய் பதிக்கப் பள்ளம் தோண்டினார்கள். ஐந்து பேர். அதில் ஒருவர் ஐம்பது வயதைத் தாண்டிய அம்மா, சும்மாடு வைத்து மண் சுமந்தார். தினமும் மோர் கொடுப்பேன். ஒரு நாள் தயிர் உறையவில்லை. பிள்ளைகளுக்காக ஃப்ரீசரில் வைத்திருந்த தர்பூசணி ஐஸ் ஆறு இருந்தது. எல்லார் கையிலும் மண் என்பதால் ஒவ்வொரு ஐஸையும் ஓர் எவர்சில்வர் டம்ளரில் நிறுத்தி, தட்டில் வைத்து எடுத்துக்கொண்டு போனேன்.

அந்த அம்மா உடனே சாப்பிடவில்லை. டம்ளரைக் கன்னத்தில் ஒற்றிக்கொண்டார், அப்புறம் கழுத்தில், அப்புறம் இரண்டு மணிக்கட்டிலும். "மூணாங்கிளாஸ் படிக்கையில பள்ளிக்கூட வாசல்ல வாங்கித் தின்னது கண்ணு. அதுக்கப்புறம் இன்னைக்குத்தான்" என்றார். மகனுக்கு வாங்கிக் கொடுத்திருக்கிறார், பேரனுக்கு வாங்கிக் கொடுத்திருக்கிறார். தனக்கென்று ஒன்று வாங்கியதே இல்லை. அன்று ராத்திரியே அச்சுகளைக் கழுவி மறுபடி ஊற்றி வைத்தேன். வேலை முடிகிற வரை பதினோரு நாள் கொடுத்தேன்.

அந்தப் பதினோரு நாளில் கற்றுக்கொண்டதைச் சொல்கிறேன். வெறும் தர்பூசணிச் சாற்றை வடிகட்டி ஊற்றினால் கல் மாதிரி இறுகும்; நாலு தடவை உறிஞ்சியதும் நிறமும் இனிப்பும் வாய்க்குப் போய், கையில் வெள்ளைக்கட்டி மிஞ்சும். உறையும்போது தண்ணீர் தனியாகப் படிகமாகிறது, சர்க்கரையும் நிறமும் இடுக்குகளில் பாகாகத் தங்கிவிடுகின்றன, அதனால்தான். வடிகட்டாமல் சதையோடு அரைத்து, கொஞ்சம் சர்க்கரையும் ஒரு சிட்டிகை உப்பும் சேர்த்தால் பதமாக வருகிறது. குளிரில் நாக்குக்கு இனிப்பு குறைவாகத்தான் தெரியும், அதனால் குடிக்கிற ஜூஸைவிட ஒரு படி தூக்கலாக இருக்கட்டும். இன்னொன்று, வெயிலில் வேலை செய்கிறவருக்கு முதலில் ஒரு சொம்புத் தண்ணீர் கொடுங்கள். ஐஸ் அதற்குப் பிறகு. ஒரு குச்சியில் இருப்பது அரை டம்ளர் தண்ணீர்கூட இல்லை.

உங்களுக்கும் இப்படி ஏதாவது நடந்திருந்தால் எழுதுங்களேன்.

மதுரையிலிருந்து

டம்ளரில் நிறுத்திக் கொடுத்தது நல்ல யோசனை, தங்கச்சி. உருகி வழிவதும் வீணாகாது, கடைசியில் குடித்துக்கொள்ளலாம்.

எனக்கு வயது அறுபத்தாறு. பள்ளி விடுமுறையில் எங்கள் மாமா வேலை பார்த்த ஐஸ் கம்பெனியில் குச்சி செருகியிருக்கிறேன். உள்ளே நுழைந்ததுமே அம்மோனியா நெடி மூக்கில் ஏறும். பெரிய தொட்டி நிறைய உப்புத் தண்ணீர். பூஜ்யம் டிகிரிக்கு வெகு கீழே போனாலும் உப்புத் தண்ணீர் உறையாது. அதில் தகர அச்சுகளை இறக்குவார்கள், நாங்கள் வரிசையாகக் குச்சி செருகுவோம். உறைந்ததும் அச்சைச் சாதாரணத் தண்ணீரில் ஒரு முக்கு முக்கினால் ஐஸ் வழுக்கிக்கொண்டு வெளியே வரும். விடிவதற்கு முன்பே சைக்கிள்காரர்கள் மரப்பெட்டியோடு வந்து நிற்பார்கள். பால் ஐஸ், சேமியா ஐஸ், ஆரஞ்சு, திராட்சை. பெட்டி மூடியை டப் டப் என்று அடிக்கிற சத்தம் கேட்டால் தெருவே வாசலுக்கு வரும்.

ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்தத் திராட்சை ஐஸில் திராட்சை கிடையாது. எசன்ஸ், கலர், சாக்கரின், தண்ணீர், அவ்வளவுதான். பழமே போட்ட குச்சி ஐஸ் சாப்பிட வேண்டும் என்ற ஆசை எனக்கு அப்போதே உண்டு. அதனால் என் பேத்திகளுக்குக் கம்பம் பன்னீர் திராட்சையைக் கொதிக்கவைத்து, மசித்து, விதையும் தோலும் நீக்கி ஊற்றுகிறேன். அந்தக் கருஞ்சிவப்பு நிறம் எந்தப் பொடியிலும் வராது.

போன சித்திரையில் பகல் முழுக்கக் கரண்ட் இல்லை, பேத்திகள் இரண்டும் வாடிப்போய்க் கிடந்தார்கள். கம்பெனி ஞாபகம் வந்தது. ஐஸ்கட்டி வாங்கிவந்து, சாக்கில் போட்டு உடைத்து, மூன்று பங்கு ஐஸுக்கு ஒரு பங்கு கல் உப்பு என்று வாளியில் கலந்தேன். அந்தக் கலவை மைனஸ் இருபது வரைகூடப் போகும், வெறுங்கையால் தொடாதீர்கள். உயரமான சின்ன டம்ளர்களில் திராட்சைச் சாற்றை ஊற்றி அதில் புதைத்து, மேலே சாக்கைப் போட்டு மூடினேன். ஒரு மணி நேரம் பேத்திகள் வாளியைவிட்டு நகரவில்லை. டம்ளரை உள்ளங்கையில் உருட்டிக் கழற்றியபோது சின்னவள் கத்திய கத்தலில் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளும் வந்துவிட்டார்கள்.

கடையில் வாங்குகிற பார் ஐஸைச் சாற்றுக்குள் மட்டும் போட்டுவிடாதீர்கள். அது வெளியே சுற்றிவைக்கத்தான். டம்ளர் விளிம்பில் உப்புத் தண்ணீர் ஏறாமலும் பார்த்துக்கொள்ளுங்கள்.

யாழ்ப்பாணத்திலிருந்து

நாங்கள் இதை ஐஸ்பழம் என்று சொல்லுவோம். பழம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் பெயர் அதுதான். சிங்களத்திலும் ஐஸ் பளம்தான்.

1990-க்குப் பிறகு இங்கே பல வருடம் மின்சாரம் இல்லை. நான் அப்போது சிறுமி. ஐஸ்பழம் எப்படி இருக்கும் என்று அம்மம்மா சொல்லக் கேட்டதுதான் அதிகம். "சிவப்பாய் இருக்கும், நாக்கு விறைக்கும்" என்பா. முதன்முதலில் கையில் ஒன்று கிடைத்தபோது, பாதியை அவவுக்குக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும் என்று வெயிலில் ஓடினேன். வீட்டுப் படலையைத் திறக்கையில் குச்சிதான் மிஞ்சியிருந்தது. அம்மம்மா சிரிக்கவில்லை. என் முழங்கை வரை வழிந்திருந்த சிவப்பைத் தன் சீலைத் தலைப்பால் துடைத்துவிட்டா.

இப்போது கறுத்தக்கொழும்பான் மாம்பழம் வரும் காலத்தில் வீட்டிலேயே ஐஸ்பழம் செய்கிறேன். முதலாவதை அம்மம்மாவின் படத்துக்கு முன்னால் ஒரு கோப்பையில் வைப்பேன்.

சென்னை, குரோம்பேட்டையிலிருந்து

அக்கா, உங்கள் அம்மம்மா கதையை இரண்டு முறை படித்தேன்.

என் அம்மாவுக்கு இரண்டு வருடம் முன்பு கீமோ நடந்தது. வெயில் காலம். மருந்து ஏற ஆரம்பிக்கும் முன்பே வாயில் ஐஸ் துண்டு வைத்து, அரைமணி நேரம் மாற்றி மாற்றிச் சப்பச் சொன்னார் நர்ஸ். வாயின் ரத்தக் குழாய்கள் சுருங்குவதால் மருந்து அங்கே குறைவாகப் போகும், புண் குறையும் என்று விளக்கினார். எல்லா மருந்துக்கும் இது பொருந்தாது. ஆக்ஸாலிபிளாட்டின் ஏற்றுகிறவர்களுக்குக் குளிர்ச்சியே ஆகாது, தொண்டையை இறுக்கும். டாக்டரைக் கேட்காமல் செய்யாதீர்கள்.

மூன்றாவது தடவைக்குப் பிறகு அம்மாவுக்குச் சோறு இறங்கவில்லை. கஞ்சி வாசனைகூடக் குமட்டியது. வீட்டில் ஐஸ் ட்ரேயில் இளநீரும் வழுக்கையும் அரைத்து ஊற்றி, பாதியாக உடைத்த குச்சிகளைச் செருகி வைத்தேன். இரண்டு கடி அளவுதான். அன்னாசியும் ஆரஞ்சும் புண்ணில் எரிந்தன, முலாம்பழம் ஒத்துக்கொண்டது. ஃப்ரீசரிலிருந்து எடுத்ததும் அப்படியே கொடுத்தால் உதட்டில் ஒட்டிக்கொண்டு தோலை இழுக்கும். அதனால் குழாய்த் தண்ணீரில் ஒரு நொடி காட்டிவிட்டுக் கொடுப்பேன். கட்டிலில் சாய்ந்தபடி, கண்ணை மூடிக்கொண்டு, ஒரு துண்டை முடிக்க அம்மா கால்மணி நேரம் எடுத்துக்கொள்வார். பக்கத்தில் உட்கார்ந்து கிண்ணத்தைத் தாடைக்குக் கீழே பிடித்திருப்பேன். அந்தக் கால்மணி நேரம் இரண்டு பேரும் எதுவும் பேச மாட்டோம்.

இப்போது அம்மா நன்றாக இருக்கிறார். மாம்பழ ஐஸ் வேண்டும் என்கிறார், ஆனால் நான் செய்தால் நார் நாராக வருகிறது. எந்தப் பழம் வாங்கலாம்?

வேலூரிலிருந்து

இமாம்பசந்த் கிடைத்தால் வாங்குங்கள் தோழி, நாரே இருக்காது. இல்லையென்றால் நன்றாகப் பழுத்த பங்கனப்பள்ளி போதும். அரைத்ததை ஒரு முறை சல்லடையில் தேய்த்துவிடுங்கள். நாலு பழத்துக்கு அரை மூடி எலுமிச்சை. அம்மாவுக்கு என்பதால் அச்சில் முக்கால் அளவே ஊற்றுங்கள், சின்னதாக இருந்தால்தான் உருகுவதற்குள் முடிக்க முடியும்.