புதுப்பிப்பு: கடைத் திரையில் யாரோ படம் மாற்றிய விவகாரம்

எங்கள் ஜவுளிக்கடையின் மூன்று விளம்பரத் திரைகளிலும் ஒரு ராத்திரி சூதாட்ட விளம்பரம் ஓடியதைப் போன மாதம் எழுதியிருந்தேன். பாஸ்வேர்டை மாற்றச் சொன்னவர்களுக்கு நன்றி. ஆனால் இங்கே பாஸ்வேர்டு கேட்கவே ஆளில்லை!

திரைக்குப் பின்னால் ஒட்டியிருந்த ஆண்ட்ராய்டு பெட்டிகளில் ஏடிபி (பெட்டியை வேறொரு கம்ப்யூட்டரிலிருந்து இயக்க உதவும் வசதி) திறந்தே கிடந்தது. திரைகளைப் பொருத்தித் தந்தவர், வீட்டிலிருந்தே பார்த்துக்கொள்ளலாம் என்று ரவுட்டரில் 5555இல் தொடங்கும் போர்ட்களை, அதாவது ஏடிபிக்கான நெட் வாசல்களை, வெளியே திறந்துவிட்டிருக்கிறார். 2018இல் ஏடிபி மைனர் என்ற வைரஸ் டிவி பெட்டிகளில் பரவியதும் இதே வழியில்தான்.

அந்த போர்ட்களை மூடிவிட்டேன். இரண்டு திரைகளுக்கு ராஸ்பெர்ரி பை 4 என்ற சின்னக் கம்ப்யூட்டரை வைத்து, பில்லிங் கம்ப்யூட்டர் இல்லாத தனி நெட்வொர்க்கில் போட்டாயிற்று. இப்போது வயர்கார்ட் என்ற விபிஎன் (பூட்டிய தனி இணைப்பு) வழியாக அவையே என் சர்வரைத் தேடி வருகின்றன. வெளியிலிருந்து உள்ளே வர வழி கிடையாது.

இதில் ஒரு வாரம் தலையைப் பிய்த்துக்கொண்டேன். கரண்ட் போய் வந்தால் பை சில நேரம் இணைப்புக்கே வராது. காரணம் கடிகாரம். பை 4இல் பேட்டரிக் கடிகாரம் இல்லை. கரண்ட் போனால் கடைசியாகச் சேமித்த நேரத்துக்குப் பின்வாங்கிவிடும். பழைய நேரத்தோடு வரும் கோரிக்கையை வயர்கார்ட் ஏற்காது. நேரம் சரியான பிறகே வயர்கார்ட் கிளம்பும்படி மாற்றினேன், தீர்ந்தது.

மூன்றாவது திரையில் இன்னும் பழைய பெட்டிதான். நெட் கேபிளைப் பிடுங்கிவிட்டு பென்டிரைவில் ஓட்டுகிறேன். முதலாளிக்கு அதுதான் பிடித்திருக்கிறது.